கிளைமாக்ஸில் குழந்தையைத் தூக்கிக்கொண்டு ஓட வைக்காதீர்கள்

பொள்ளாச்சியிலிருந்து அமெரிக்காவுக்குக் கட்டிக்கொடுத்த பெண்ணைப் பற்றி இன்னொரு திரைக்கதை, சட்டப்படி சரியா பார்க்கச் சொல்லி வந்திருக்கிறது. வழக்கம்போலக் கணவன் அறைகிறான், அவள் அழுகிறாள், கடைசியில் கைக்குழந்தையோடு கோவை ஏர்போர்ட்டில் இறங்குகிறாள். அப்புச்சி கட்டிப்பிடிக்கிறார். சுபம்.

சுபம் இல்லைங்க, வழக்கே அங்கேதான் ஆரம்பம். தகப்பனுக்குத் தெரியாமல் குழந்தையை வெளியே கொண்டுவந்தால் அமெரிக்காவின் 1993ஆம் ஆண்டுச் சட்டப்படி குற்றமாகலாம். வன்முறைக்குத் தப்பி வந்தேன் என்ற வாதத்துக்கு அதில் இடமுண்டு. நிரூபிக்கக் காகிதம் வேண்டும். "இந்தியாதான் ஹேக் ஒப்பந்தத்தில் சேரலையே" (பெற்றோரில் ஒருவர் வேறு நாட்டுக்குக் கொண்டுபோன குழந்தையைத் திருப்பி அனுப்புவதற்கான சர்வதேச ஒப்பந்தம் அது) என்று தெம்பூட்டும் சொந்தக்காரர்கள் கவனிக்க: குழந்தையின் நலன் பார்த்து, அமெரிக்காவுக்கே திருப்பி அனுப்பச் சொல்லி நம் உச்ச நீதிமன்றம் 2020இல் உத்தரவிட்டிருக்கிறது. ஆகவே போனில் "கொழந்தையத் தூக்கிட்டு வந்துரு கண்ணு" என்று சொல்லாதீர்கள். முதலில் அமெரிக்காவில் அவள் இருக்கும் ஊர் நீதிமன்றத்தில் பாதுகாப்பு உத்தரவு. குழந்தையைத் தற்காலிகமாகத் தன்னிடம் வைக்கவும் அதிலேயே கேட்கலாம். பிளைட் டிக்கெட் அப்புறம்.

அறைக்கு முன்னால் நடப்பதை யாரும் எழுதுவதில்லை. பாஸ்போர்ட் அவன் பீரோவில். சீர் நகை மாமியார் லாக்கரில். எச்-4 விசாவில், அதாவது எச்-1பி வேலை விசாக்காரனின் மனைவியாகப் போனவள், கணவனின் கிரீன் கார்டு மனு ஒரு கட்டம் தாண்டும்வரை பொதுவாக வேலைக்குப் போக முடியாது. தெரிந்த தமிழர்கள் எல்லாம் அவன் நண்பர்கள். போலீஸ் வந்தாலும் அவனே இங்கிலீஷில் பேசி அனுப்பிவிடுவான். மொழிபெயர்ப்பாளர் கேட்கலாம் என்று அவளுக்கு யார் சொன்னது?

"விட்டுட்டுப் போனா விசா போயிரும்" என்ற மிரட்டல் பாதிதான் உண்மை. கொடுமைக்குள்ளான எச்-4 மனைவி ஐ-765வி படிவத்தில் தனியே வேலை அனுமதி கேட்கலாம். அவன் குடிமகனோ கிரீன் கார்டுக்காரனோ என்றால், அவன் கையெழுத்தில்லாமலே தன் கிரீன் கார்டுக்கு மனுப் போடலாம்.

பெற்றோரே, பாஸ்போர்ட், விசா, திருமணச் சான்று, நகை ரசீது எல்லாவற்றுக்கும் ஒரு நகல் உங்களிடம் இருக்கட்டும். அவள் போனை அவன் பார்க்கிறான் என்றே வைத்துக்கொண்டு பேசுங்கள்.

ஆடிக்கு அம்மா வீட்டில் விட்டுவிட்டு, பாஸ்போர்ட்டோடு அவன் மட்டும் திரும்பிவிட்டானா? வழக்குப் போட அமெரிக்கா போக வேண்டியதில்லை. 2005ஆம் ஆண்டு குடும்ப வன்முறைச் சட்டம், 27ஆம் பிரிவு: அவள் தற்காலிகமாகத் தங்கும் ஊர் மாஜிஸ்திரேட்டிடமே மனுச் செய்யலாம். மாவட்டச் சமூக நல அலுவலகத்தில் பாதுகாப்பு அலுவலரைக் கேளுங்கள். மனுவுக்கு அவரே உதவுவார், கட்டணம் கிடையாது.