கழிவறையில் கட்டிய கயிறு

கொழிஞ்சாம்பாறையிலிருந்து வந்திருந்த அந்த அக்கா ரெக்கார்டு அறை வாசலிலேயே நின்றுகொண்டார். "தம்பி, வேற என்ன வேணாலும் எழுதிக்குங்க. குடின்னு மட்டும் போட்டுராதீங்க சாமி" என்றார். இன்ஷூரன்ஸ் கிடைக்காது என்று யாரோ சொல்லிவிட்டார்களாம்.

நான் மெடிக்கல் கோடர். ஒவ்வொரு நோய்க்கும் ஒரு குறியீட்டு எண் உண்டு, டாக்டர் எழுதிய நோயை அந்த எண்ணாக மாற்றுவது என் வேலை. அந்த எண்ணைத்தான் கோடு என்கிறோம். கோயம்புத்தூரில் சில வருஷம் ராத்திரி ஷிஃப்டில் அமெரிக்க ஆஸ்பத்திரிகளின் ஃபைல்களுக்குக் கோடு போட்டேன். இப்போது வேலை பாலக்காட்டுச் சித்தூர் பக்கம் ஒரு மருத்துவமனையில். (ஆந்திராச் சித்தூரா என்று கேட்காதவர் இல்லை.) இங்கே நோயாளி தமிழில் சொல்வார், நர்ஸ் மலையாளத்தில் விசாரிப்பார், டாக்டர் ஆங்கிலத்தில் எழுதுவார். மூன்று மொழி தாண்டி ஃபைலுக்கு வருவதற்குள் சொன்னதில் பாதி உதிர்ந்துவிடும்.

அக்காவின் கணவர் தேங்காய் பறிக்க மரம் ஏறுகிறவர். அடையாளம் தெரியாதபடி சில விவரங்களை மாற்றித்தான் எழுதுகிறேன். மறுநாள் டிஸ்சார்ஜ். சம்மரி வரைவில் இருந்தது 'உடல் பலவீனம்' என்ற ஒரே வரி. அதை வைத்து நான் போடக்கூடியது ஆர்53. அசதி, சோர்வு என்று யார் வந்து சொன்னாலும் போய் விழுகிற கோடு அது. நர்ஸ் குறிப்பில் மட்டும் 'இருபது வருஷமாகத் தினமும் பிராந்தி' என்று இருந்தது. ஆனால் நர்ஸ் குறிப்பைப் பார்த்து நானாக ஒரு நோயைக் கண்டுபிடிக்க முடியாது. டாக்டர் எழுதியதற்குத்தான் கோடு.

"வீட்ல எப்படி இருந்தாருங்க்கா?" என்று சும்மாதான் கேட்டேன்.

"ஆறு மாசமா கக்கூஸ்ல குந்துனா எந்திரிக்க முடியலீங்க தம்பி. ஜன்னல் கம்பில கயிறு கட்டி வெச்சிருக்கறோம். அதைப் புடிச்சுத்தான் எந்திரிப்பாரு."

இந்தக் கயிறு ஃபைலில் எங்குமே இல்லை. யாரும் கேட்கவில்லை, அவரும் வெட்கப்பட்டுச் சொல்லவில்லை. மரம் ஏறுவதை நிறுத்தியதற்கு 'வயசாச்சு' என்று ஒரு காரணம் வீட்டிலேயே தயாராக இருந்தது.

குடி என்றால் ஈரல் என்றுதான் நமக்குப் பழக்கம். தசையையும் அது தின்னும். நீண்ட காலம் அதிகமாகக் குடிப்பவர்களில் மூன்றில் ஒருவருக்காவது ஓரளவு தசைப் பாதிப்பு இருக்கும் என்பதே மருத்துவ நூல்களின் கணக்கு. சில ஆய்வுகளில் பாதிக்கு மேல். முதலில் அடிவாங்குவது இடுப்பு, தொடை, தோள். வேகமாகச் சுருங்கி விரியும் இரண்டாம் வகைத் தசை இழைகள் மெலிந்துபோகும். வலி பெரிதாக இருக்காது, அதனால்தான் யாரும் பொருட்படுத்துவதில்லை. பஸ் படி ஏறும்போது கம்பியை இழுத்து ஏறுவார்கள், தரையில் உட்கார்ந்தால் கையை ஊன்றி எழுவார்கள். தசை சிதைவைக் காட்டும் சிகே ரத்தப் பரிசோதனையும் இந்த நாள்பட்ட வகையில் பல சமயம் நார்மலாகவே வரும். ரிப்போர்ட் நார்மல், ஆள் மட்டும் எழ முடியாமல்!

இதையும் நரம்புத் தளர்ச்சியையும் எல்லோரும் குழப்பிக்கொள்கிறார்கள். குடியால் நரம்பு கெட்டால் தொந்தரவு பாதத்தில் தொடங்கும். எரிச்சல், மரத்துப்போதல், செருப்பு கழன்று விழுவதே தெரியாது. அதற்கு ஜி62.1. தசை கெட்டால் அதன் பெயர் 'ஆல்கஹாலிக் மயோபதி', கோடு ஜி72.1. ஒருவருக்கே இரண்டும் இருக்கலாம், அப்போது இரண்டையும் போடுவோம். கொலஸ்ட்ரால் மாத்திரை போன்ற மருந்துகளால் தசை கெட்டால் அது ஜி72.0. மாத்திரையும் சாப்பிட்டு பிராந்தியும் குடிக்கிறவருக்கு எது காரணம் என்று டாக்டர் எழுதினால்தான் உண்டு.

கோடுகள் உள்ள புத்தகத்தின் அமெரிக்கப் பதிப்பில் ஜி72.1-க்குக் கீழேயே ஒரு குறிப்பு உண்டு: மதுப் பழக்கத்தைக் காட்டும் எஃப்10 வரிசைக் கோட்டையும் சேர்க்கவும். புதிதாக வருகிற பிள்ளைகள் இதைத்தான் விட்டுவிடுவார்கள். 'ஆல்கஹாலிக்' என்று தசைக் கோட்டிலேயே வந்துவிட்டதே, இன்னொன்று எதற்கு என்பார்கள். முதலாவது தசைக்கு என்ன ஆனது என்கிறது, இரண்டாவது ஆளுக்குக் குடி எந்த அளவு என்கிறது. பழக்கம், துஷ்பிரயோகம், அடிமைத்தனம் மூன்றும் ஒரே ஃபைலில் எழுதப்பட்டிருந்தால் அடிமைத்தனத்துக்கு மட்டும் கோடு.

சரி, அந்தக் கயிற்றுக்கு வருகிறேன். டாக்டருக்குக் கேள்விச் சீட்டு அனுப்பினேன். 'இது ஆல்கஹாலிக் மயோபதிதானே?' என்று கேட்கக்கூடாது, விடையை நாமே ஊட்டியதாகிவிடும். குந்தி எழச் சிரமம் இருப்பதாக மனைவி சொல்கிறார், பலவீனத்துக்குக் காரணம் குறிப்பிட முடியுமா என்று மட்டும் கேட்டேன். அன்று மாலை டாக்டர் மறுபடி போய்ப் பார்த்தார். நாற்காலியில் கையைக் கட்டிக்கொண்டு எழச் சொன்னாராம், முடியவில்லை. தைராய்டும் பொட்டாசியமும் பார்த்துச் சரியாக இருந்தபின் ஜி72.1-க்கு உரிய பெயரை எழுதினார்.

இன்ஷூரன்ஸ் விஷயத்தில் அக்கா பயந்தது வீண் பயம் இல்லை. காப்பீட்டு ஒழுங்குமுறை ஆணையம் 2019-இல் விலக்குகளை, அதாவது பாலிசி பணம் தராத விஷயங்களை, ஒரே மாதிரி ஆக்கியபோது, மது, போதைப் பழக்கத்துக்கான சிகிச்சையும் அதன் விளைவுகளும் 12-ஆம் விலக்காக வந்தது. பெரும்பாலான பாலிசிகளில் அது உண்டு. மறைத்து எழுதினால் மோசடி, உள்ளபடி எழுதினால் பணம் வராது. எனக்கு இந்த விலக்கில் கொஞ்சமும் உடன்பாடு கிடையாது. குணமாகிற வாய்ப்புள்ள நோயின் பெயரையே குடும்பங்கள் ஒளிக்கும்படி செய்கிறது. ஆனாலும் அக்காவிடம் நேராகவே சொன்னேன்: "'பலவீனம்'னு எழுதினா சத்து டானிக்தான் கிடைக்கும்க்கா. பேரை எழுதினாத்தான், நிறுத்தினா தசை திரும்பும்னு அவர்கிட்ட ஒரு டாக்டர் சொல்லுவாரு."

திரும்பும் என்பது உண்மைதான். குடியை விட்டவர்கள் பலருக்குச் சில மாதங்களில் தொடங்கி ஒரு வருஷத்துக்குள் பலம் நன்றாகவே கூடுகிறது. வைட்டமின் ஊசி மட்டும் இதைச் சரிசெய்யாது. இன்னொன்று: தளர்ச்சி என்று சின்ன கிளினிக்கில் குளுக்கோஸ் ஏற்றிக்கொள்கிறவர்கள், தினமும் குடிக்கிற விஷயத்தை ஊசி போடுமுன் சொல்லிவிடுங்கள். பி1 வைட்டமின் முதலில் போக வேண்டும், இல்லாவிட்டால் மூளைக்கு ஆபத்து வரலாம்.

திடீரென்று வருகிற வகை வேறு. ரெண்டு மூணு நாள் விடாமல் குடித்தபின் தொடை வீங்கி, தொட்டாலே வலித்து, மூத்திரம் கட்டன்சாயா (பால் சேர்க்காத டீ) நிறத்தில் போனால் விடியும்வரை காத்திருக்காதீர்கள். சிதைந்த தசை சிறுநீரகத்தை அடைக்கிற நேரம் அது.

மூன்று மாதம் கழித்து அக்காவின் கணவர் ரிவ்யூவுக்கு வந்தார். 'உதவியின்றி நாற்காலியிலிருந்து எழுகிறார்' என்று டாக்டர் எழுதியிருந்தார். குடியை விட்டாச்சு என்றால் எஃப்10-இல் அதற்கென்று தனிக் கோடு இருக்கிறது, ஆசையாகத் தேடினேன். அதை டாக்டர் எழுதியிருக்கவில்லை. வெளியே பெஞ்சில் உட்கார்ந்திருந்தவரிடம் போய்ப் பேச்சுக் கொடுத்தேன்.

"பிராந்தியைத் தொடறதே இல்லீங்க தம்பி. சாயங்காலம் ஷாப்புல ரெண்டு குப்பி கள்ளு, அவ்வளவுதான். கள்ளு குடில சேராதுங்களே?"

கள்ளிலும் கிட்டத்தட்ட பீர் அளவுக்கு ஆல்கஹால் உண்டு என்று சொல்லிப் பார்த்தேன். சித்தூர்க்காரரிடம் கள்ளைப் பற்றி நான் சொல்வதா என்பதுபோல் சிரித்தார். பழைய கோடே தொடர்கிறது. கயிற்றை அவிழ்த்தாச்சா என்று அக்காவிடம் கேட்டேன். இன்னும் இல்லையாம்.