ஸ்லாப்ஸ்டிக்: கட்டையா, சேட்டையா?

பழைய ஊமைப்படத்துல நாய் ஒருத்தன தொரத்தும், அவன் விழுந்து எந்திரிச்சு ஓடுவான், நாம சிரிப்போம். இந்த மாதிரி காமெடிக்கு பேரு ஸ்லாப்ஸ்டிக். ஸ்லாப்னா கன்னத்துல விடுற அறை, ஸ்டிக்னா குச்சி. சும்மா வச்ச பேரு இல்லங்க, நெஜமாவே ஒரு கட்டை இருந்துச்சு. 16ம் நூற்றாண்டு இத்தாலியில முகமூடி போட்டு ஆடுற நாடகத்துல ஆர்லெக்கினோன்னு ஒரு வேலைக்கார கோமாளி வருவான், அவன் கையில ரெண்டு மெல்லிசான பலகைய ஒரு முனையில சேத்து கட்டுன மாதிரி ஒன்னு இருக்கும், அதால அடிச்சா பலகை ரெண்டும் மோதி படார்னு சத்தம் வரும், ஆனா அடி வாங்குறவனுக்கு அவ்வளவா வலிக்காது. 19ம் நூற்றாண்டு கடைசியில அமெரிக்க மேடைக்காரங்க அதுக்கு வச்ச பேருதான் இது, போகப்போக காமெடிக்கே பேராயிடுச்சு.

சத்தத்துக்காக செஞ்ச கட்டையோட பேரு சத்தமே இல்லாத படத்துல போய் ஒட்டிக்கிச்சு பாருங்க! சத்தம் இல்லேன்னதும் அடிய விட ஓட்டம்தான் கண்ணுக்கு சிரிப்பு காட்டுச்சு, ஓடுறதுக்கு நாய மிஞ்ச ஆள் ஏது. ஊமைப்பட காமெடி நடிகர் ராஸ்கோ ஆர்பக்கிள் வளர்த்த லூக்னு ஒரு நாய், ஏணியில கூட ஏறும். 1920ல பஸ்டர் கீட்டன் நடிச்ச 'தி ஸ்கேர்குரோ'வுல கூரை இல்லாத செவுத்து மேலயே அவர சுத்தி சுத்தி தொரத்தும், எத்தன தடவ பார்த்தாலும் எனக்கு அலுக்கல. அதுக்கும் முன்னாடி 1894லயே எடிசன் கம்பெனி ரெண்டு பூனைக்கு கிளவுஸ் மாட்டி குத்துச்சண்டை போட வச்சு படம் புடிச்சிருக்கு (பாவம் பூனைங்க).

சரி, தமிழ்ல என்ன சொல்றது? 'அடிதடி நகைச்சுவை'ன்னா சண்டைப்படம் மாதிரி கேக்குது, பூனை நாய்க்கு சுத்தமா பொருந்தாது. என் ஓட்டு 'சேட்டை'க்குத்தான். குரங்குச்சேட்டைன்னு மிருகத்துக்கும் சொல்றோம், கோமாளிச்சேட்டைன்னு மனுஷனுக்கும் சொல்றோம். மூலம் சேஷ்டாங்கற வடமொழிச் சொல், உடம்போட அசைவுன்னு அர்த்தம், ஊமைப்படத்துல இருந்ததே அது ஒன்னுதானே. வடமொழி வேணாம்ங்கறவங்க 'குறும்பு'ன்னு சொல்லலாம், ஆனா செவுத்து மேல உயிர கையில புடிச்சிட்டு ஓடுறத குறும்புன்னு சொல்ல எனக்கு வாய் வரல, அதுக்கு 'கோணங்கித்தனம்' எவ்வளவோ தேவல.