பாலே: ஆடுகிறவர் ஆண் என்றால் என்ன சொல்வது?

பாலே என்ற ஐரோப்பிய ஆட்டத்தில் பேர்போன ஆண் கலைஞர் ருடால்ஃப் நூரியேவை 'உலகப் புகழ்பெற்ற பாலரினா' என்று எழுதினால் பிழை. பாலரினா பெண்ணைக் குறிக்கும் சொல். ஆணை இத்தாலியர் பாலரினோ என்பார்கள், பிரெஞ்சுக்காரர் தான்சர் என்பார்கள். பெண்பாற்சொல் உலகம் சுற்றிவிட்டது. ஆண்பாற்சொல் ஊரோடு நின்றுவிட்டது.

வேர், லத்தீனின் 'பல்லாரே'. ஆடுதல் என்று பொருள். அதிலிருந்து இத்தாலிய மொழியில் 'பாலோ' (ஆட்டம்), அதன் சிறுமை வடிவமாக 'பாலெத்தோ' (சிற்றாட்டம்). பிரான்சுக்குப் போனதும் பாலே ஆனது. எழுத்தில் கடைசியாக வரும் 'ட்' அங்கே ஒலிப்பதில்லை. 'பாலட்' என்று நாமும் எழுத வேண்டியதில்லை. (பாலே என்றதும் டீக்கடை நினைவுக்கு வந்தால் நான் பொறுப்பல்ல.)

உண்மையில் பாலே முதலில் ஆண்களின் ஆட்டம். மன்னன் பதினான்காம் லூயியே 1653-இல் சூரியனாக வேடங்கட்டி ஆடினான். பாரிஸ் ஒபேரா மேடையில் தொழில்முறை நடனப் பெண்கள் ஏறியது 1681-இல்தான். 19-ஆம் நூற்றாண்டில் காற்று திசைமாறியது. விரல்நுனியில் நிற்கும் பெண்ணே எல்லாம், ஆண் அவளைத் தூக்கிப்பிடிக்கும் ஆள். 1870-இல் 'கொப்பேலியா' என்ற பாலே அரங்கேறியபோது காதலன் வேடத்தையே ஒரு பெண்தான் கட்டினாள்.

நூரியேவ் அந்த ஆணைத் திரும்ப நடுமேடைக்கு இழுத்து வந்தவர். 1938-இல் சைபீரிய ரயிலில் பிறந்த தாத்தார் இனப் பிள்ளை. பத்து வயதிலேயே தொடங்க வேண்டிய பயிற்சிக்கு லெனின்கிராடு பாலே பள்ளியில் அவர் சேர்ந்தது 17 வயதில். 1961 ஜூன் 16 அன்று பாரிஸ் லெ பூர்ஜே விமான நிலையத்தில் சோவியத் காவலர்களிடமிருந்து விலகி, பிரெஞ்சுப் போலீசாரிடம் அடைக்கலம் கேட்டார். மறு ஆண்டே லண்டனில் ஆங்கிலேயப் பாலரினா மார்கோ ஃபான்டெயினுடன் 'ஜிசெல்' என்ற பாலேயை ஆடினார். அவருக்கு 23, அந்த அம்மையாருக்கு 42.

அந்த 1961 மே மாதம் பாரிஸ் மேடையில் அவர் முதலில் ஆடியது 'லா பயாதேர்' என்ற பாலேயின் ஒரு காட்சி. இந்தச் சொல்லில்தான் நமக்கும் பங்கு. நம் ஊர்த் தேவதாசிகளைப் போர்த்துகீசியர் 'பைலதேய்ரா' (ஆடுபவள்) என்றார்கள்; பிரெஞ்சில் அது பயாதேர். பாலேக்கும் பயாதேருக்கும் வேர் ஒன்றே. கடலூர்ப் பக்கத்துத் திருவந்திபுரத்திலிருந்து போன தேவதாசிக் குழு 1838-இல் பாரிசில் ஆடியபோது, அவர்களையும் பயாதேர் என்றே அழைத்தார்கள். நூரியேவ் கடைசியாக மேடையேற்றிய பாலேயும் 'லா பயாதேர்'தான், 1992 அக்டோபரில். மூன்று மாதத்தில் காலமானார்.

தமிழில் என்ன சொல்வது? 'நாட்டிய நாடகம்' என்பதில் பரதத்தின் வாடை. சிலப்பதிகார உரையில் அடியார்க்குநல்லார், நாடகத்தைக் 'கதை தழுவி வரும் கூத்து' என்கிறார். 'ஜிசெல்'லுக்கு அது கச்சிதம். ஆனால் கதையே இல்லாத பாலேக்களும் உண்டு, அவற்றுக்குப் பொருந்தாது. அதனால் கலைக்குப் பாலே என்பதையே வைத்துக்கொள்ளலாம் என்பது என் கட்சி. ஆடுபவரைப் 'பாலேக் கூத்தர்' என்று எழுதலாம்; ஆணுக்கும் பெண்ணுக்கும் ஒரே சொல். ஆண் என்று பிரித்துச் சொல்ல வேண்டிய இடத்தில் 'கூத்தன்' இருக்கவே இருக்கிறது.