கப்பி மீன்: பெயர் வந்த வழியும் தமிழில் எழுதும் முறையும்

கப்பி என்பது நன்னீரில் வாழும், விரல் நீளம்கூட இல்லாத சின்ன அலங்கார மீன். ஆண் மூன்று சென்ரிமீற்றர் அளவில்தான் இருக்கும், வாலில் காணும் நிறமெல்லாம் அதற்குத்தான். பெண் கொஞ்சம் பெரிது, நிறம் மங்கல். திருகோணமலையில் மீன்தொட்டிக் கடைகளில் ‘கப்பீஸ்’ என்று கேட்போம், ஒரு மீனுக்கும் அதே சொல்தான். அது ஆங்கிலப் பன்மை. எழுதும்போது கப்பி, கப்பிகள் என்றால் போதும்.

இந்தச் சொல்லுக்குத் தமிழில் வேர் தேடிப் பயனில்லை, ஏனென்றால் இது ஒரு மனிதரின் குடும்பப் பெயர். லண்டனில் பிறந்து திரினிடாட்டில் குடியேறிய ரொபேட் ஜோன் லெச்மியர் கப்பி என்ற இயற்கை ஆய்வாளர் அங்கு கிடைத்த மீன்களைப் பிரித்தானிய அருங்காட்சியகத்துக்கு அனுப்ப, அங்கே இருந்த அல்பேர்ட் குந்தர் அவற்றைப் புதிய இனம் என்று கருதி 1866இல் அவர் பெயரையே சேர்த்து ‘ஜிரார்டினஸ் கப்பீ’ என்று வைத்தார். ஆனால் வெனிசுவேலாவில் பிடிபட்ட இதே மீனை ஜெர்மன் விலங்கியலாளர் வில்ஹெல்ம் பீற்றர்ஸ் 1859இலேயே விவரித்துவிட்டார். முந்தி வைத்த பெயருக்கே உரிமை என்பது விலங்கியல் விதி, அதனால் அறிவியலில் இன்று ‘பொசீலியா ரெட்டிகுலாட்டா’. முதற்சொல் கிரேக்கம், பல நிறம் கொண்டது என்று பொருள். இரண்டாவது லத்தீன், வலைபோன்றது. செதில் கோடுகளை உற்றுப் பார்த்தால் வலை தெரியும். புத்தகத்திலிருந்து போன கப்பி, மக்கள் வாயில் மட்டும் நின்றுவிட்டது.

தமிழில் ஏற்கெனவே ஒரு கப்பி உண்டு: கிணற்றில் கயிறு ஓடும் உருளை. நொறுங்கிய கல்லையும் கப்பி என்போம். இவற்றுக்கும் மீனுக்கும் ஒட்டும் இல்லை, உறவும் இல்லை. குப்பியில் வளர்ப்பதால்தான் அந்தப் பெயர் என்ற விளக்கமும் சரியல்ல. குழப்பம் வரக்கூடிய இடத்தில் ‘கப்பி மீன்’ என்று சேர்த்து எழுதுவது நல்லது.

சரி, தனித்தமிழ்ப் பெயர் வேண்டுமா? என்னைக் கேட்டால் வேண்டாம். ஆளின் பெயரை மொழிபெயர்க்க முடியாது. வானவில் மீன் என்றால் அது அவுஸ்திரேலியா, நியூகினிப் பக்கத்து வேறொரு கூட்டத்தைக் குறிக்கும். நுளம்பு மீன் என்றால் அதே பெயரில் அழைக்கப்படும் கம்பூசியா என்ற வேறொரு மீனோடு குழம்பும். இனத்தின் பெயரை அப்படியே விட்டுவிட்டு, வகைக்கு நல்ல தமிழ் வைத்துக்கொள்ளலாம். ‘குட்டி போடும் மீன்’ என்று வளர்ப்பவர்கள் சொல்வது எவ்வளவு தெளிவாக இருக்கிறது! கப்பி, மொலி, பிளாற்றி, வாள்வால் எல்லாம் அதற்குள் வந்துவிடும். முட்டை தாயின் வயிற்றுக்குள்ளேயே வளர்ந்து, ஏறக்குறைய நான்கு வாரத்துக்கு ஒருமுறை குஞ்சுகள் உயிரோடு நீந்திக்கொண்டு வெளிவரும். ஆணின் விந்தைப் பெண் மாதக்கணக்கில் உடம்பில் வைத்திருக்கும் என்பதால், தனியாக வாங்கிவந்த ஒரு பெண்கூடத் தொட்டியை நிறைத்துவிடும். கரீபியன் பக்கம் இதற்கு ‘மில்லியன்ஸ்’ என்றொரு பெயர் இருந்ததற்குக் காரணம் இந்தப் பெருக்கம்தான்.

நுளம்புக் குடம்பிகளை விரும்பித் தின்னும் என்பதால் இதைக் கிணற்றிலும் சீமெந்துத் தொட்டியிலும் விடுகிறோம். 2017இல் கிண்ணியா டெங்கில் பட்ட பாட்டை அறிந்தவர்களுக்கு அதன் அருமை தெரியும். ஆனால் கப்பி எங்கள் மண்ணின் மீன் அல்ல, தென்னமெரிக்காவின் வடகரையும் அதை ஒட்டிய தீவுகளும்தான் அதன் ஊர். தொட்டியில் கூடிப்போனால் கந்தளாய்க் குளத்திலோ மகாவலியிலோ கொண்டுபோய் ஊற்றாதீர்கள், உள்ளூர்ச் சிறுமீன்களின் இரைக்கு அது போட்டியாகவும் குஞ்சுகளுக்கு ஆபத்தாகவும் ஆகிவிடும். மிஞ்சியதை இன்னொரு வீட்டுத் தொட்டிக்குக் கொடுங்கள், இல்லையென்றால் கடைக்காரரிடமே திருப்பிக் கேட்டுப் பாருங்கள்.