தேடினால் கிடைக்காத ஜேம்ஸ்

1801 பிப்ரவரி. அமெரிக்க அதிபராகப் பதவியேற்க இருந்த தாமஸ் ஜெஃபர்சன், பால்டிமோரில் விடுதி நடத்திய வில்லியம் எவன்ஸுக்கு ஒரு கடிதம் எழுதினார். ‘என் முன்னாள் வேலைக்காரன் ஜேம்ஸுக்கு ஆளனுப்பி என்னிடம் வரச் சொல்லுங்கள்’ என்பது அதன் சாரம்.

ஜேம்ஸ் ஹெமிங்ஸ் வேலைக்காரர் அல்ல, ஜெஃபர்சனின் அடிமையாக இருந்தவர். 1784இல் அவரைப் பாரிஸுக்குக் கூட்டிப்போய் பிரெஞ்சுச் சமையல் பழகவைத்தார் ஜெஃபர்சன். அந்தக் கலையை இன்னொருவருக்குக் கற்றுக்கொடுத்தால் விடுதலை என்று 1793இல் எழுதிக் கொடுத்தார். ஜேம்ஸ் தன் தம்பி பீட்டருக்குக் கற்றுக்கொடுத்துவிட்டு 1796இல் விடுதலை பெற்றார்.

இந்த மனிதரைத்தான் ஜெஃபர்சன் கடிதங்களின் மின்னணுத் தொகுப்பில் தேடினார் அமெரிக்க ஆய்வாளர் லாரன் கிளைன். கணினியின் துணையோடு இலக்கியத்தையும் வரலாற்றையும் ஆராய்பவர். கடிதம் எழுதியவராகவோ பெற்றவராகவோ ஹெமிங்ஸ் அதில் இல்லை. ஜெஃபர்சனும் மற்றவர்களும் எழுதிக்கொண்ட கடிதங்களுக்குள் ஆங்காங்கே பேசப்படும் பெயராக மட்டுமே வருகிறார்.

ஏன் இப்படி? ஒரு கடிதம் கணினிக்குள் போகும்போது அதன் மேல் சில கட்டங்கள் நிரப்பப்படுகின்றன: அனுப்பியவர், பெறுநர், தேதி, இடம். தேடல் பெரும்பாலும் இந்தக் கட்டங்களை நம்பியே நடக்கிறது. கடிதம் எழுதும் வசதியும் அதைப் பத்திரப்படுத்தும் வீடும் இருந்தவர்களுக்கு இது சரியாகப் பொருந்தும். விற்கவும் வாங்கவும் பட்ட மனிதருக்கு அதில் இடமே இல்லை. சரி, கட்டங்களை விட்டுவிட்டுக் கடிதத்துக்குள் முழுப் பெயரைத் தேடலாமே? எவன்ஸுக்குப் போன அந்தக் கடிதத்தில் இருப்பது வெறும் ‘ஜேம்ஸ்’. ஜெஃபர்சனின் நெருங்கிய நண்பர்களான மேடிசன், மன்றோ இருவருக்கும்கூட முதற்பெயர் ஜேம்ஸ்தான்! எந்த ஜேம்ஸ் என்று கணினிக்குத் தானாகத் தெரியாது. யாராவது படித்து, புரிந்து, குறித்துவைக்க வேண்டும்.

2013இல் வெளியான தன் ஆய்வில் கிளைன் இதற்கு ஒரு வில் வரைபடம் போட்டார். பெயர்களை ஒரே கோட்டில் வரிசையாக நிறுத்தி, தொடர்புள்ளவர்களை வளைகோடுகளால் இணைக்கும் முறை இது. எழுதியவர்களுக்கு இடையில் மட்டும் கோடு இழுத்தால் ஹெமிங்ஸ் மறைந்துவிடுவார். அவரைப் பற்றிய பேச்சு யார் யார் வழியாகப் போனது என்று இழுத்தால், அவர் சொந்தக் குரல் இல்லாத இடத்திலும் அவரைச் சுற்றி ஒரு வலை தெரிகிறது.

காணாமல்போன குரலை இந்தப் படம் மீட்டுத் தருவதில்லை, தருவதாகக் கிளைனும் சொல்லவில்லை. இல்லாமையைக் கண்ணுக்குக் காட்டுகிறது, அவ்வளவுதான். அந்த நேர்மைதான் எனக்கு இதில் மிகவும் பிடித்தது. ஊகத்தால் ஓட்டையை அடைத்திருந்தால், அது எப்படி விழுந்தது என்ற கேள்வியும் சேர்ந்து மூடப்பட்டிருக்கும்.

ஹெமிங்ஸுக்கு எழுதத் தெரியாது என்று நினைத்துவிட வேண்டாம். விடுதலையான அதே 1796இல் சமையலறைப் பாத்திரங்களைப் பட்டியலிட்டு அவர் கைப்பட எழுதிய தாள் இன்றும் இருக்கிறது.

அப்புறம், ஜெஃபர்சனின் அழைப்புக்கு ஹெமிங்ஸ் ஒரு பதில் சொல்லியனுப்பினார். என்ன நிபந்தனை, எவ்வளவு சம்பளம் என்று ஜெஃபர்சன் தன் கைப்பட நாலு வரி தனக்கு எழுத வேண்டும் என்றார். அப்படியொரு கடிதம் போனதாகப் பதிவு இல்லை. போயிருந்தால் ‘பெறுநர்’ என்ற கட்டத்தில் ஜேம்ஸ் ஹெமிங்ஸின் பெயர் இருந்திருக்கும். அதே ஆண்டு அவர் இறந்துபோனார்.