டெலிநோவெலா: தொடரா, புதினமா?

போர்த்துகல் நடிகர் ஒருவரைப் பற்றித் தமிழில் எழுதப் புகுந்தால் முதலில் காலை வாருவது ‘நோவெலா’ என்ற சொல். ‘பல நாவல்களில் நடித்தார்’ என்று எழுதிவிட்டால் பொருளே கெட்டுவிடும். நாம் நாவல் என்பதைப் போர்த்துகீசியர் ‘ரொமான்ஸ்’ என்பார்கள். இலக்கியத்தில் ‘நோவெலா’ என்பது நாவலுக்கும் சிறுகதைக்கும் இடைப்பட்ட குறுநாவல். அன்றாடப் பேச்சிலோ அது ‘டெலிநோவெலா’ என்ற தொலைக்காட்சித் தொடர்கதையின் சுருக்கப் பெயர்தான்.

வேர் இலத்தீன் ‘நோவுஸ்’, அதாவது புது. அதன் வழிவந்த இத்தாலியச் சொல் ‘நோவெல்லா’வுக்குப் புதுச் செய்தி என்றும் பொருள், கதை என்றும் பொருள். தமிழிலும் இதே வழித்தடம் உண்டு. ‘புது’ என்பதிலிருந்து வந்த ‘புதினம்’ தமிழ்நாட்டில் நாவல், ஈழத்தில் செய்தி. ‘என்ன புதினம்?’ என்று யாழ்ப்பாணத்தில் கேட்டால் நாவலைக் கேட்கவில்லை. இவ்வளவு கச்சிதமான இணைச்சொல் கையில் இருக்கிறது. ‘டெலி’ கிரேக்கம்: தொலைவு. ஆக, தொலைக்காட்சிப் புதினம்.

டெலிநோவெலாவை ‘மெகா தொடர்’ என்று ஏன் பெயர்க்கக் கூடாது? இதற்கு முடிவு உண்டு. ஒரே கதை சில மாதங்கள் ஓடி, கல்யாணமோ தண்டனையோ நடந்து, கடைசி நாளில் முடிச்சு அவிழ்ந்துவிடும். பார்வையாளர் ஆதரவு இருக்கும்வரை ஆண்டுக்கணக்கில் நீளும் நம் சீரியல் வேறு வகை. பிரேசிலில் இதன் ஒவ்வொரு பகுதியையும் ‘கப்பீட்டுலு’, அதாவது அத்தியாயம் என்றே எண்ணுகிறார்கள். அத்தியாயத்தின் இறுதியில், மறுநாள் வரவைக்கும் திருப்பத்துக்குப் பெயர் ‘கான்ஷு’: கொக்கி.

பிரேசிலில் 1951இல் பிறந்த இந்த வடிவம் போர்த்துகலுக்கு 1977இல் வந்தது. அரசுத் தொலைக்காட்சியான ஆர்.டி.பி. அந்த ஆண்டு ஒளிபரப்பிய ‘காப்ரியேலா’ பிரேசிலில் எடுத்தது. சொந்தத் தயாரிப்புக்கு 1982 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. முதல் போர்த்துகல் டெலிநோவெலாவான ‘விலா ஃபாயா’வை உருவாக்கியவர்களில் முக்கியமானவர் நிக்கொலாவ் பிரெய்னர் (1940–2016). லாரி ஓட்டுநராக அதில் நடித்தவரும் அவரே. அலென்தேஜு வட்டாரத்துச் செர்ப்பாவில் பிறந்து, மேடையில் தொடங்கி, 1975இல் எர்மன் ஜொசேயுடன் இரட்டையராக நகைச்சுவை செய்து நாடறிந்தவர். பிறகு டெலிநோவெலா எடுக்கவே தன் பெயரில் ஒரு தயாரிப்பு நிறுவனம் தொடங்கினார். 2009இல் ‘கொன்ட்ராட்டு’ என்ற திரைப்படத்தை இயக்கினார். போர்த்துகல் டெலிநோவெலா ஒரு தொழிலாக வளர்ந்ததில் அவருக்குள்ள பங்கு மிகப் பெரியது. அவரை வெறும் ‘சீரியல் நடிகர்’ என்பது அநியாயம்.

இத்தகையவரின் வரலாற்றைப் பெயர்க்கையில் இன்னொரு சொல்லும் சறுக்கும். ‘ரெயலிஸடோர்’ என்பதைச் சொல்லுக்குச் சொல் பெயர்த்தால் ‘நிறைவேற்றுபவர்’ என்று வரும். போர்த்துகலில் அது திரைப்பட, தொலைக்காட்சி இயக்குநர். பிரேசிலில் அவரை ‘டிரெடோர்’ என்பார்கள். மேடை நாடகத்தை இயக்குபவர் போர்த்துகலில் ‘என்ஸெனடோர்’. தமிழில் நாடக இயக்குநர் என்று பிரித்து எழுத வேண்டும். பிரெய்னரைப் பற்றி ஒரே வரியில் எழுதுவதானால்: ‘நடிகர், திரைப்பட இயக்குநர், தொலைக்காட்சிப் புதினத் தயாரிப்பாளர்.’