கல்யாண கேசட்டைத் தூக்கிப் போடும் முன்

சேலத்தில் பழைய வீட்டை இடித்துக் கட்டும்போது பரணிலிருந்து நேராகக் குப்பைக்குப் போவது வீடியோ கேசட்தான். "டெக்கே இல்ல, இத வெச்சு என்ன பண்றது?" என்பார்கள். டெக் என்றால் கேசட்டை ஓட்டும் கருவி. நான் படம் எடுப்பதே அந்தக் கேசட்டுகளை வைத்துத்தான். கதையும் நடிகர்களும் கிடையாது. ஒரு குடும்பம் தன்னைப் பற்றிச் சொல்வதும் அதன் கேசட்டில் பதிந்திருப்பதும் எந்த இடத்தில் ஒத்துப்போகவில்லை என்று தேடுவேன். ஆகவே இதில் என் சுயநலமும் உண்டு.

மலையாளத்தின் முதல் பேசும் படமான 'பாலன்' (1938) நம்மூர் மாடர்ன் தியேட்டர்ஸ் தயாரிப்பு. அதற்கே இன்று பிரதி கிடைப்பதில்லை. உங்கள் வீட்டுக் கேசட்டுக்கு உலகத்திலேயே ஒரு பிரதிதான்.

தகரக் கூரைக்கடியில் சேலத்து வெயில் ஒருவிதமாகக் கெடுக்கும், ஏற்காட்டு ஈரம் வேறுவிதமாகக் கெடுக்கும். மலையில் வைத்திருந்த கேசட்டைத் திருப்பி, கண்ணாடி வழியாகப் பாருங்கள். நாடாச் சுருளில் வெள்ளையாகப் பொடி தெரிந்தால் அது பூஞ்சை. 'ஓடுதான்னு பாப்போம்' என்று டெக்கில் போட்டுவிடாதீர்கள். பூஞ்சை, டெக்கில் நாடாவைப் படிக்கும் பாகமான ஹெட்டில் ஒட்டி, அடுத்துப் போடும் கேசட்டுக்கும் பரவும். எட்டு மில்லிமீட்டர் பிலிம் டப்பாவைத் திறந்ததும் புளிக்காடி (வினிகர்) வாடை அடித்தால் பிலிம் சிதையத் தொடங்கிவிட்டது என்று பொருள். அதை மற்றவற்றிலிருந்து பிரித்து வையுங்கள். வீடுகளில் அதிகம் இருந்த விஎச்எஸ் வகை கேசட்டுக்கான டெக் தயாரித்த கடைசி நிறுவனமும் 2016-இல் நிறுத்திவிட்டது. இருக்கிற டெக்குகள் ஓடும்வரைதான் நமக்கு அவகாசம்.

கேசட்டை டிஜிட்டலாக மாற்றக் கொடுக்கும்போது கடைக்காரர் "வேஸ்ட்டெல்லாம் கட் பண்ணி, பாட்டுப் போட்டுத் தரேன்" என்பார். வேண்டாம் என்று சொல்லுங்கள். எனக்கு வேண்டியதே அந்த வேஸ்ட்தான். தாலி கட்டுவது எல்லா கேசட்டிலும் ஒன்றுபோலத்தான் இருக்கிறது. லைட் வெளிச்சம் கூசி முந்தானையால் முகம் மறைக்கும் பெண்கள், பந்தியில் கேமரா வந்ததும் சோற்றில் கைவைத்தபடி நின்றுவிடும் பெரியவர், அம்மாபேட்டை வீட்டில் பெண் அழைப்பின்போது பக்கத்து வீட்டிலிருந்து விடாமல் கேட்கும் தறிச் சத்தம்: இவை யாரும் எடுக்க நினைத்து எடுத்தவை அல்ல. 'அத்தை அன்னைக்கு வரவே இல்ல' என்று வீடே சத்தியம் செய்யும். கேசட்டில் அத்தை தூணோரம் நின்றுகொண்டிருப்பார். வீடியோக்காரர் இதயம் பறக்கவிட்டு மிக்சிங் செய்த இடத்தில் இந்த மாதிரி எதுவும் மிஞ்சியிருக்காது.

எனவே முழு நீளத்துக்கு, சத்தத்தோடு, வெட்டாமல் மாற்றச் சொல்லுங்கள். மினி டிவி (MiniDV) என்ற சின்ன டிஜிட்டல் கேசட் என்றால், அதிலிருந்து சுருக்காமல் அப்படியே இறக்கிய மூலக் கோப்பையே கேளுங்கள். ஒரு மணி நேரத்துக்குச் சுமார் 13 ஜிபி வரும். வாட்ஸ்அப்பில் வாங்கிக்கொள்வது பாதுகாப்பாகாது. இரண்டு ஹார்டு டிஸ்க்கில், இரண்டு வீடுகளில் வையுங்கள். கேசட்டையும் எறிய வேண்டாம். பிறகு வீட்டுப் பெரியவரை உட்காரவைத்து ஓடவிட்டு, அவர் பேசுவதைப் போனில் பதியுங்கள். திருத்தாதீர்கள், தப்பாகச் சொன்னாலும் பதியட்டும்.

ஒன்று மட்டும் கவனம். அதில் இருப்பவர்களில் பிரிந்துபோனவர்களும் இருப்பார்கள். வெளியே காட்டுவதற்கு முன் அவர்களைக் கேட்க வேண்டும், குடும்பத் தலைவர் சம்மதம் மட்டும் போதாது. ஏற்காட்டில் ஓர் அம்மா தன் பழைய கல்யாணக் காட்சியை எடுத்துவிடச் சொன்னார். என் படத்திலிருந்து எடுத்துவிட்டேன். மூலக் கோப்பை வெட்டாமல் அவர் கையிலேயே கொடுத்தேன். வைத்திருப்பதா அழிப்பதா என்பது அவர் முடிவு.